ஆறாவது கோடு

கிருஷ்ணகுமார் தன் வீட்டு முன்னறையில் யாரையும் உட்காரச் சொல்வதில்லை என்று விஜயகலா கேள்விப்பட்டிருந்தாள். அது பொய். உட்காரச் சொன்னார். ஆனால் உட்கார்ந்தவரின் கண்ணுக்கு நேரே சுவர் தெரியும்படி நாற்காலியைப் போட்டிருந்தார். சுவர் நிறையப் படங்கள். பிரதேச சபைக்காரர், பொலிஸ் பெரியவர், தோட்டத்துத் துரை, தொழிற்சங்கத் தலைவர் என்று ஒவ்வொருவர் கழுத்திலும் அவர் மாலை போட்டுக்கொண்டிருந்தார். மாலை வாங்கியவர்கள் மாறிக்கொண்டே இருந்தார்கள். போட்டவரின் இளிப்பு மட்டும் மாறவில்லை.

விஜயகலா பன்னிரண்டு வருடம் ஒரு இன்சூரன்ஸ் கம்பெனிக்காக, தானாகவே பள்ளத்தில் விழுந்த லொறிகளையும் தானாகவே தீப்பிடித்த கடைகளையும் பார்த்து அறிக்கை எழுதியவள். இப்போது கரவனெல்லையில் ஒரு மருந்துக்கடைக்கு மேல்மாடியில் சொந்தமாக ஒரு அறை வைத்து, வக்கீல்களுக்கு வேண்டிய உண்மைகளைத் தேடிக்கொடுத்துக்கொண்டிருந்தாள். அவளுடைய வாகனம், சாரதி, உதவியாளர், ஓயாத வாய் எல்லாம் பவாஸ். சொந்த த்ரீவீல் வைத்திருந்தான். முப்பத்தைந்து வயது. அவனுக்கு நாற்காலி கொடுக்கப்படவில்லை. கதவில் சாய்ந்து நின்றான்.

"சின்ன வேலைதான் மிஸ்," என்றார் கிருஷ்ணகுமார். "சமையல் கேஸ் கம்பெனி புளத்கொகுபிட்டிய டவுன் ஏஜென்சிக்கு விண்ணப்பம் கேட்டிச்சு. கடைசி நாள் பெப்ரவரி இருபத்தெட்டு. அன்னைக்கே ஸ்டோர் ரூம் கட்டி முடிஞ்சிருக்கணும், போட்டோவும் வைக்கணும். என்கிட்ட லொறி இருக்கு, ஸ்டோர் இருக்கு, ஆள் இருக்கு. குடுத்தது யாருக்கு? ஜெயம்மாவுக்கு. பத்தொன்பது வருசம் ரப்பர் பால் வெட்டுன பொம்பளைக்கு. அதுக்கு சிலிண்டர்ல எது தலை எது காலுன்னு தெரியுமா?"

"வால்வு ஈக்கிற பக்கம் தலை, சேர்," என்றான் பவாஸ். "இது தெரிஞ்சா ஏஜென்சி தருவாங்கன்னா நானும் போட்டிருப்பன்."

கிருஷ்ணகுமாரின் காது அந்தப் பக்கம் வேலை செய்யவில்லை.

மே மாதம் அவர் கேகாலை மாவட்ட நீதிமன்றத்தில் வழக்குப் போட்டு, ஜெயம்மாவின் ஏஜென்சிக்கு இடைக்காலத் தடை வாங்கியிருந்தார். பெப்ரவரியில் அவளிடம் களஞ்சியமே இருக்கவில்லை, பிறகு கட்டிப் படம் எடுத்துச் சொருகினாள் என்பது அவருடைய வாதம். தடை விழுந்த நாளிலிருந்து அந்தப் பக்கத்து நாலு டிவிஷன் தோட்டச் சனமும் ஒரு சிலிண்டருக்காகக் கரவனெல்லைக்கு இறங்கி ஏறியது. முடியாதவர்கள் மறுபடியும் ரப்பர் விறகை ஊதத் தொடங்கியிருந்தார்கள். இதை அவர் சொல்லவில்லை. சொல்ல வேண்டிய விஷயமாக அவருக்குத் தோன்றவில்லை.

"இது ஜெயம்மாவோட ஃபைல்," என்று ஒரு காகிதக் கட்டை நீட்டினார். "கம்பெனி ஏரியா மேனேஜர் சுமன் சீல் வச்சுக் குடுத்த ரெண்டு கொப்பில ஒண்ணு. மத்தத எங்க வக்கீல் போன மாசம் அப்படியே கோர்ட்ல குடுத்திட்டாரு. அந்த போட்டோவ நல்லாப் பாருங்க. ஏதாவது கெடைக்கும். நாளைக்கு விசாரணை. உங்க பேர சாட்சி லிஸ்ட்ல போட்டாச்சு."

"எப்ப போட்டீங்க?"

"பதினஞ்சு நாளைக்கு முந்தியே போடணும்ல?"

"என்னைக் கூப்பிட்டதே இன்னைக்குத்தானே."

"நீங்க மாட்டேன்னு சொல்லமாட்டீங்கன்னு தெரியும் மிஸ். நம்ம தோட்டத்துப் பிள்ளைதானே."

அவள் ஃபைலை எடுத்துக்கொண்டு எழுந்தாள். தோட்டத்துப் பிள்ளை என்ற சொல்லை அந்த மனிதர் தேவைப்படும்போது மட்டும் அலமாரியிலிருந்து எடுப்பார் என்பது அவளுக்குத் தெரியும். அவரும் தோட்டத் தொழிலாளர் லயத்தில் பிறந்தவர்தான். அதைச் சொல்லும் ஒரு படமாவது அந்தச் சுவரில் இருக்கவில்லை.

த்ரீவீல் இரண்டு வளைவு தாண்டுவதற்குள் பவாஸ் ஓரங்கட்டினான். படத்தை வாங்கி வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தான். சிவப்புத் தகரக் கூரை போட்ட ஒரு சின்னக் களஞ்சியம், கம்பி வலை அடித்த கதவு, இடது ஓரத்தில் ஒரு ரப்பர் மரம். கதவுக்குப் பக்கத்துச் சுவரில் ஒரு நோட்டீஸ்.

"மிஸ், வேலை முடிஞ்சிது. வீட்டுக்குப் போவம்."

"என்ன?"

"இந்த நோட்டீஸ வாசிங்க. மாரியம்மன் கோவில் தேர்த் திருவிழா, ஏப்ரல் பத்தொன்பது. பெப்ரவரில குடுத்த போட்டோல ஏப்ரல் நோட்டீஸ் எப்படி வரும்? ஜெயம்மாக்கு சாமி முன்கூட்டியே வந்து செல்லிட்டுப் போச்சா?"

விஜயகலா சிரிக்கவில்லை. நோட்டீஸ் கோணாமல் நேராக ஒட்டப்பட்டிருந்தது. எழுத்து ஒன்றுகூட மறையவில்லை. படம் எடுத்தவன் களஞ்சியத்தின் கூரையில் பாதியை வெட்டிவிட்டிருந்தான். ஆனால் நோட்டீஸின் நாலு மூலையும் படத்துக்குள் வந்திருந்தன.

"களஞ்சியத்தக் காட்ட எடுத்த படம்னா கூரைய விடுவாங்களா?" என்று கேட்டாள். "இது நோட்டீஸுக்காக எடுத்த படம். தேடிக் கண்டுபிடிச்ச மாதிரியே இல்ல பவாஸ். இலையில பரிமாறி வச்ச மாதிரி இருக்கு."

"அப்ப கிருஷ்ணகுமார் இத முந்தியே பாத்திருப்பாரு."

"ஒரு வாரம் கையில வச்சிருந்தா குருடனும் பாத்திருப்பான்."

"பாத்திட்டு நம்மள என்னத்துக்குக் கூப்பிட்டாரு?"

"அவர் சொன்னா அது எதிரி சொன்னது. நாம சொன்னா துப்பறிஞ்சது."

பவாஸ் படத்தைத் திருப்பிக் கொடுத்தான். பிறகு, "அப்ப நாமளும் அவரு சுவர்ல தொங்குற படம் மாதிரித்தான்," என்று சொல்லிவிட்டு வண்டியை எடுத்தான்.

ஜெயம்மாவின் களஞ்சியம் ரப்பர் மலை வந்து ரோட்டைத் தொடும் இடத்தில் இருந்தது. பத்துப் பேர்ச்சஸ் அளவில் ஒரு சின்னக் காணி. லயத்தில் பிறந்து லயத்திலேயே காலம் தள்ளிய ஒரு குடும்பத்தில் முதன்முதலாக ஒருத்தி சொந்தப் பெயரில் வாங்கிய மண். பூட்டியிருந்த கதவில் தடை உத்தரவின் பிரதி பிளாஸ்டிக் உறைக்குள் தொங்கியது. உள்ளே காலியான இரும்பு அடுக்குகள். தூசி படியாமல் துடைத்து வைத்திருந்தாள்.

ஜெயம்மாவுக்கு நாற்பத்தைந்து வயதிருக்கும். த்ரீவீலைக் கண்டதும் கையிலிருந்த துணியைப் பிழிந்து கம்பியில் போட்டுவிட்டு வந்தாள்.

"அந்தாளு அனுப்புன ஆளுங்களா நீங்க?"

"ஆமாங்க," என்றாள் விஜயகலா. "அவர்தான் அனுப்பினார். உங்களுக்குப் பேச விருப்பமில்லாட்டி போயிடுறோம்."

மறைக்காமல் சொன்னதில் ஜெயம்மா சற்றுத் தடுமாறினாள். அனுப்பியவர் பெயரை ஒளிக்கும் ஆட்களைத்தான் இந்த மூன்று மாதமாக அவள் பார்த்திருந்தாள். விஜயகலா நீட்டிய படத்தை வாங்கி, எட்ட வைத்துப் பார்த்தாள்.

"இது என் ஸ்டோருதான். ஆனா நான் குடுத்த போட்டோ இது இல்லைங்க. நான் குடுத்ததுல கூரை முழுசாத் தெரியும். பின்னால மரமெல்லாம் இலை கொட்டி மொட்டையா நிக்கும். பெப்ரவரில இங்க எந்த மரத்துல இலை இருக்குது?"

"உங்க போட்டோவோட இன்னொரு பிரதி இருக்கா?"

"மக போன்ல எடுத்தது. அந்தப் போன் தண்ணியில விழுந்து செத்துப்போச்சு. பிரிண்ட் ஒண்ணுதான் போட்டோம். கம்பெனிக்காரங்க களவாடுவாங்கன்னு யாரு நெனச்சா?"

"இந்த நோட்டீஸ்?"

"தேர் நோட்டீஸ் கோவில்லயும் கடை வாசல்லயும்தான் ஒட்டினாங்க. இங்க ஒட்டல. ஆனா ஒரு நாளு..." ஜெயம்மா நிறுத்தினாள். நினைவை ஒழுங்குபடுத்திக்கொண்டு தொடர்ந்தாள். "தடை வந்தப்புறம் ஒரு நாளு, மழை விட்டிருந்திச்சு. கம்பெனியிலருந்து சுமன் ஐயா வந்தாரு. இன்ஸ்பெக்‌ஷன்னு சொன்னாரு. தேத்தண்ணி குடுத்தேன். சீனி கூடிப்போச்சுன்னாரு. ஊத்திட்டு வேற போட்டுக் குடுத்தேன். திரும்பி வந்தா அந்தப் பக்கம் நின்னு போன்ல படம் எடுத்துக்கிட்டிருந்தாரு. போனப்புறம் பாத்தா செவுத்துல பழைய நோட்டீஸ். காத்துல வந்து ஒட்டுமா அது? கிழிச்சுப் போட்டுட்டேன்."

"எந்தத் தேதி?"

"தேதி தெரியலைங்களே."

"வேற யாராவது பாத்தாங்களா?"

ஜெயம்மா தலையாட்டினாள். யாரும் பார்க்கவில்லை.

அதுதான் சங்கடம். ஏப்ரலில் வந்தேன், அப்போதே ஃபைலில் அந்தப் படம் இருந்தது என்று சுமன் கழுத்துப்பட்டியைச் சரிசெய்துகொண்டு சொன்னால் போதும். ஒரு மேனேஜரின் சொல்லையும் பால் வெட்டியவளின் சொல்லையும் பக்கத்துப் பக்கத்தில் வைத்தால் எது மேலே நிற்கும் என்பதை விஜயகலா பல நீதிமன்றங்களில் பார்த்திருந்தாள். ஏமாற்ற வந்தவன், ஏமாறப் போகிறவள் கொடுத்த தேநீரில் சீனி கூடிப்போச்சு என்று குறை சொல்லியிருக்கிறான்.

படம் எடுக்கப்பட்ட இடத்தில் போய் நின்றாள். படத்தை முகத்துக்கு நேரே பிடித்து ஒரு அடி பின்னால் வைத்தாள், அரை அடி வலப்பக்கம் நகர்ந்தாள். கதவும் சுவரும் படத்தோடு பொருந்தின. இடது ஓரத்து மரமும் பொருந்தியது. பட்டையில் 214 என்று இலக்கம். சரிவாக இறங்கும் வெட்டு, கீழே கம்பியில் பால் வடியும் சிரட்டை. எல்லாம் படத்தில் உள்ளபடியே.

எல்லாம் இல்லை. அவள் மரத்துக்குப் பக்கத்தில் போனாள்.

"மிஸ், மரத்துக்கிட்ட என்ன வாக்குமூலமா?" என்று கேட்டுக்கொண்டே பவாஸ் பின்னால் வந்தான்.

"இந்தக் கோடுகளப் பாரு."

வெட்டின் ஓரமாக, பட்டையில் ஒன்றின் கீழ் ஒன்றாகச் சின்ன வெள்ளைக் கோடுகள் இருந்தன. எல்லாவற்றுக்கும் மேலே ஒரு நீலக் கோடு.

விஜயகலாவின் அம்மா இதே மாவட்டத்தில் வேறொரு தோட்டத்தில் பால் வெட்டியவள். வெட்ட வெட்ட வெட்டு மரத்தில் கீழே இறங்கும். ஒரு மாதத்தில் எவ்வளவு பட்டை போனது என்று கணக்குப் பார்க்க, மாத முடிவில் வெட்டு எங்கே நிற்கிறதோ அங்கே கங்காணி ஒரு வெள்ளைக் கோடு போடுவார். வருடத் தொடக்கத்துக்கு நீலம். அம்மா அளவுக்கு மேலே வெட்டி ஏச்சு வாங்கிய மாதங்கள் அவளுக்கு இன்னும் நினைவிருந்தன. அவள் இதைச் சொன்னபோது பவாஸ் குனிந்து எண்ணினான்.

"நீலத்துக்குக் கீழ ஏழு. ஜனவரிலருந்து ஜூலை. இது ஆகஸ்ட், சரி."

"இப்ப போட்டோவுல எண்ணு."

அவன் படத்தைக் கண்ணுக்குப் பக்கத்தில் கொண்டுபோனான். ஒவ்வொன்றாக விரல் வைத்தான். "ஆறு. வெட்டு ஆறாவதுக்குக் கீழயும் கொஞ்சம் இறங்கியிருக்கி. அப்ப ஜூன் முடிஞ்சு எடுத்த படம்." நிமிர்ந்தான். அவன் முகத்தில் இருந்த விளையாட்டு போய்விட்டது. "மிஸ், அப்ப கிருஷ்ணகுமார் செல்றதுதானே சரியாகுது? ஃபைல்ல ஈக்கிறது பெப்ரவரி போட்டோ இல்ல. இந்தம்மாக்கு இது இன்னும் மோசம்."

ஜெயம்மா இதைக் கேட்டுக்கொண்டு நின்றாள். போய், கம்பியில் போட்ட துணியை மறுபடி எடுத்துக்கொண்டாள். எதையாவது துடைக்க வேண்டும் போலிருந்திருக்க வேண்டும்.

"கோடு போட்ட கங்காணி யாருங்க?" என்று விஜயகலா கேட்டாள்.

அழகமுத்து கங்காணி அடுத்த மலையில் இருந்தார். நிதானமாகத்தான் வந்தார். சட்டைப்பையிலிருந்து மலைக்கணக்கு எழுதும் கொப்பியை எடுத்து எச்சில் தொட்டுப் புரட்டினார்.

"இந்த வரிசைக்கு ஜூன் கோடு ஜூலை ரெண்டாந்தேதி போட்டிருக்கேன். ரெண்டு நாளு மழை, பெயின்ட் நிக்கல. கணக்கப்பிள்ளை கையெழுத்தும் இருக்கு." அவர் படத்தைப் பார்த்தார். "வழக்கு கிருஷ்ணகுமாரோடதா? அவங்கம்மா இந்த மலையிலதான் வெட்டுனாங்க. அப்படி ஒரு கை இந்த டிவிஷன்ல இல்ல. மகனுக்கு மரம்னா விறகு லொறியில எத்தனை ஏறும்னு மட்டுந்தான் தெரியும்."

"கொப்பியோட நாளைக்குக் கேகாலைக்கு வரமுடியுமா கங்காணி?"

"துரைகிட்ட லீவு கேக்கணும். கேக்குறேன்."

விஜயகலா படத்தைத் திருப்பிப் பின்பக்கம் பார்த்தாள். பிறகு ஃபைலின் மற்றப் பக்கங்களையும் ஒவ்வொன்றாகத் திருப்பினாள். கடைசிப் பக்கம் வந்தபோது அவளுடைய உதடு ஒரு பக்கமாக வளைந்தது. பவாஸுக்கு அந்த வளைவு தெரியும். யாரோ ஒருவருக்கு நல்ல காலம் முடிந்துவிட்டது என்று அர்த்தம்.

பின்னேரம் கிருஷ்ணகுமாரின் வீட்டில் அவருடைய வக்கீலும் இருந்தார். இந்த முறை தேநீர் வந்தது. பவாஸுக்கும் நாற்காலி போட்டார்கள்.

"நோட்டீஸப் பாத்தீங்களா?" கிருஷ்ணகுமாருக்குப் பொறுமை இல்லை.

"நோட்டீஸப் பத்தி நான் ஒண்ணும் சொல்லலையே," என்றாள் விஜயகலா.

கிருஷ்ணகுமார் கோப்பையை வைத்தார். வக்கீல் தன் கட்சிக்காரரை ஒரு தரம் பார்த்தார்.

"பாத்தேன். ஆனா அது தேவையில்ல," என்று அவளே தொடர்ந்தாள். "அதவிடப் பெரிய சாட்சி கெடைச்சிருக்கு. இந்தப் படம் பெப்ரவரில எடுத்தது இல்ல. அத நான் கோர்ட்ல சத்தியம் பண்ணிச் சொல்வேன்."

மறுபடியும் அந்த இளிப்பு வந்தது. "நான் சொல்லல? நான் சொல்லல?"

மரத்தையும் கோடுகளையும் பற்றி விளக்கினாள். கங்காணியின் கொப்பியைப் பற்றியும் சொன்னாள். கிருஷ்ணகுமார் பாதிதான் கேட்டார். அவருக்கு முடிவு மட்டும் போதும்.

"ஏப்ரல் இல்ல, ஜூலையா? இன்னும் நல்லது. அவ எவ்வளவு பெரிய கள்ளின்னு தெரியட்டும்."

"ஜூலை ரெண்டாந்தேதிக்குப் பிறகு. அதுக்கு முந்தி இந்தப் படம் உலகத்துலயே இல்ல. சரிதானே?"

"சரி. நூத்துக்கு நூறு சரி."

விஜயகலா படத்தைத் திருப்பி மேசையில் வைத்தாள். பின்பக்கத்தில் ஊதா மையில் வட்ட முத்திரை. உண்மைப் பிரதி. சுமனின் கையெழுத்து. கையெழுத்துக்குக் கீழே தேதி.

"வாசிங்க."

அவர் வாசிக்கவில்லை. வக்கீல்தான் குனிந்து வாசித்தார். "மே பன்னிரண்டு."

கிருஷ்ணகுமார் படத்தைத் தன் பக்கம் இழுத்துப் பார்த்தார்.

"ஜூலையில எடுத்த படத்துல மே மாசத்து சீல்," என்றாள். "மே பன்னிரண்டுல சுமன் இந்தப் படத்தப் பாத்து, உண்மைப் பிரதின்னு கையெழுத்து வச்சிருக்காரு. ஃபைல் கம்பெனி அலமாரில பூட்டி இருந்திச்சு. ஜெயம்மா கை அதுல படவே வழியில்ல. பட்டது ரெண்டே பேர் கை. சீல் வச்சவரு. அதக் கோர்ட்டுக்குக் கொண்டுபோனவரு."

"மேனேஜர் தேதி மாத்திப் போட்டிருப்பாரு," என்றார் கிருஷ்ணகுமார். குரல் ஒரு படி இறங்கியிருந்தது.

"மாத்தித்தான் போட்டிருக்காரு. ஏப்ரல் படம்னு எல்லாரும் நம்பணும்னு நோட்டீஸ ஒட்டி, அதுக்குப் பொருத்தமா மே மாசத்து சீலும் குத்தியிருக்காரு. ரெண்டு பேரும் நோட்டீஸப் பாத்தீங்க, கதவப் பாத்தீங்க. மரத்தப் பாக்கல. உங்கம்மாவ இந்தப் படத்தப் பாக்கச் சொல்லியிருந்தா ஒரு நிமிசத்துல சொல்லியிருப்பாங்க."

வக்கீல் தன் பேனாவை மூடினார். "நாளைக்கு இவங்களை நாங்க கூப்பிடத் தேவையில்லை," என்று கட்சிக்காரரிடம் மெதுவாகச் சொன்னார்.

"அதுதான் சரி," என்று கிருஷ்ணகுமார் அதைப் பிடித்துக்கொண்டார். "மிஸ், நீங்க வரவேணாம். வேலை முடிஞ்சிச்சு. இந்த அறிக்கை இங்கயே இருக்கட்டும். நம்ம தோட்டத்துப் பிள்ளைதானே, புரிஞ்சுக்குவீங்க."

"நீங்கதான் என் பேர லிஸ்ட்ல போட்டீங்க," என்றாள் விஜயகலா. "ஜெயம்மாவோட வக்கீல் லிஸ்ட்ல கடைசி வரி என்னன்னு உங்க வக்கீல்கிட்டக் கேளுங்க."

வக்கீல் கேட்கப்படாமலே பதில் சொன்னார். "வழக்காளியின் சாட்சிகள் அனைவரும்." எல்லா வழக்கிலும் எல்லா எதிராளிகளும் கடைசியில் போடும் வரி அது. யாரும் அதைப் பெரிதாக எடுப்பதில்லை.

பவாஸ் தேநீரை முடித்துவிட்டுக் கோப்பையைத் தட்டில் வைத்தான். "சேர், சீனி அளவு சரி," என்றான்.

மறுநாள் காலை பத்தரைக்கு கிருஷ்ணகுமாரின் வக்கீல் எழுந்து, இந்தச் சாட்சியைத் தாங்கள் அழைக்கவில்லை என்றார். ஜெயம்மாவின் வக்கீல் எழுந்து, தாங்கள் அழைப்பதாகச் சொன்னார். விஜயகலா சிங்களத்தில் இருபது நிமிடம் சாட்சி சொன்னாள். நீதிபதி படத்தை வாங்கி, கண்ணாடியைக் கழற்றிவிட்டு, தானே கோடுகளை எண்ணினார். திருப்பி முத்திரையைப் பார்த்தார். நீதிபதியின் அனுமதியோடு கூண்டேறிய அழகமுத்து கங்காணி கொப்பியை நீட்டினார். தேதியைத் தெளிவாக வாசித்தார். சுமனின் பெயர் மூன்று முறை கூப்பிடப்பட்டது. அவருக்கு அன்று காலை திடீரென்று வயிற்றுவலி என்று கம்பெனி வக்கீல் தெரிவித்தார். வயிற்றுவலி தீரும்வரை காத்திருக்க நீதிபதி விரும்பவில்லை. தடை நீங்கியது. மூல ஃபைல் முத்திரையிடப்பட்டுப் பொலிஸுக்குப் போனது.

வெளியே வந்ததும் ஜெயம்மா முதலில் எதையும் நம்பவில்லை. கதவில் தொங்கும் தாளைத் தான் கழற்றலாமா, கோர்ட்டிலிருந்து ஆள் வந்து கழற்றுவார்களா என்று வக்கீலிடம் இரண்டு முறை கேட்டாள். நீங்களே கழற்றலாம் என்று அவர் சொன்ன பிறகுதான் அவள் தோள் இறங்கியது. அழவில்லை. பெரிதாக ஒரு மூச்சு விட்டாள், அவ்வளவுதான்.

படியில் கிருஷ்ணகுமார் காத்திருந்தார். நேற்றுவரை பொம்பளை என்றவர், இன்று இரண்டு கையையும் குவித்திருந்தார்.

"அக்கா," என்றார். "நமக்குள்ள என்ன இருக்கு. ஏதோ வாய் தடிச்சுப் போச்சு. ஏஜென்சி உங்களோடதாவே இருக்கட்டும். உங்ககிட்ட லொறி இல்ல, எங்கிட்ட இருக்கு. பொலிஸ்கிட்ட எனக்கு இதுல ஒண்ணும் தெரியாதுன்னு மட்டும் ஒரு வார்த்தை சொல்லிடுங்க. ரெண்டு பேரும் சேந்து நடத்துவோம். எங்கம்மாவும் நீங்களும் ஒரே மலையில வேலை செஞ்சவங்கதானே."

ஜெயம்மா அவரை மேலிருந்து கீழ்வரை ஒரு தரம் பார்த்தாள். கோபம்கூட இல்லை அந்தப் பார்வையில். பழுதாகிப்போன ஒரு பொருளை எங்கே போடலாம் என்று யோசிப்பது போலிருந்தது.

"திங்கக்கிழமை எட்டு மணிக்குக் கடை தொறக்குறேன் தம்பி," என்றாள். "கேஸ் வேணும்னா வெறுஞ்சிலிண்டரத் தூக்கிக்கிட்டு வாங்க. முன்னால நிக்கிறவங்களுக்குக் குடுத்திட்டு உங்களுக்கும் தாரேன்."

சொல்லிவிட்டு, பஸ் போய்விடப் போகிறது என்று கங்காணியைக் கூப்பிட்டுக்கொண்டு படியிறங்கினாள்.